அமெரிக்காவின் லத்தீனப் புலம்பெயர் பெண்கள்: வேலையையும் குடும்பத்தையும் சட்டம் எப்படி வடிவமைக்கிறது?

2025 ஜூன் மாதம் லாஸ் ஏஞ்சலஸில், ஐஸ் என்று சுருக்கமாக அழைக்கப்படும் குடியேற்ற அமலாக்கத் துறை துணிக் கிடங்கு, கார் கழுவும் நிலையம், ஹோம் டிப்போ என்ற கட்டுமானப் பொருள் கடைகளின் வாகன நிறுத்தம் என்று பல இடங்களில் இறங்கி ஆட்களைப் பிடித்தது. அந்தச் செய்திகளைப் படித்தவர்கள் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகள் சில உண்டு. பதினைந்து, இருபது வருடம் அங்கேயே இருந்தவர்கள் ஏன் ஆவணம் வாங்கவில்லை? பிள்ளைகள் அமெரிக்கக் குடிமக்கள் என்றால் தாய்க்கு மட்டும் ஏன் உரிமை இல்லை? தன் பிள்ளையை ஊரில் பாட்டியிடம் விட்டுவிட்டு இன்னொருவர் பிள்ளையை வளர்க்க ஒரு தாய் ஏன் வருகிறாள்?

இவற்றுக்கு, குறிப்பாகக் கடைசிக் கேள்விக்கு, 'அவர்கள் பண்பாடு அப்படி' என்ற பதில் சுலபமாகக் கிடைக்கிறது. கூட்டுக் குடும்பப் பழக்கம், கத்தோலிக்க நம்பிக்கை, தியாகத் தாய் என்றெல்லாம் விளக்கம் போகும். என் பார்வையில் இந்தப் பதில் விஷயத்தை மறைக்கிறது. இந்தப் பெண்களின் குடும்பம் எந்த வடிவத்தில் இருக்கிறது, யார் எங்கே வசிக்கிறார்கள், குழந்தையை யார் பார்த்துக்கொள்கிறார்கள் என்பதை அமெரிக்க உழைப்புச் சட்டமும் குடியேற்றச் சட்டமும்தான் பெருமளவு தீர்மானிக்கின்றன. பண்பாடு அதற்குள் கிடைத்த இடத்தில் சமாளிக்கிறது.

யாரைப் பற்றிப் பேசுகிறோம்

லத்தீன் அமெரிக்க நாடுகளை வேராகக் கொண்ட பெண்களை அமெரிக்காவில் லத்தீனா என்கிறார்கள். அவர்களில் பெரும் பகுதியினர் அமெரிக்காவிலேயே பிறந்தவர்கள். புவெர்ட்டோ ரிக்கோ மக்களோ 1917 முதல் அமெரிக்கக் குடிமக்கள். இங்கே பேசப்படுவது வேறு நாட்டில் பிறந்து அமெரிக்காவுக்கு வந்தவர்களைப் பற்றி: முதன்மையாக மெக்சிகோ, அப்புறம் எல் சால்வடார், குவாத்தமாலா, ஹோண்டுராஸ், டொமினிக்கன் குடியரசு, கொலம்பியா. மெக்சிகோவில் பிறந்து அமெரிக்காவில் வாழ்பவர்கள் மட்டுமே ஒரு கோடியைத் தாண்டுவார்கள். அவர்களில் ஏறத்தாழப் பாதி பெண்கள்.

இவர்கள் எல்லோரும் ஆவணமில்லாதவர்கள் அல்ல. பச்சை அட்டை (கிரீன் கார்டு எனும் நிரந்தர வசிப்பு அனுமதி) வைத்திருப்பவர், குடியுரிமை பெற்றவர், தற்காலிகப் பாதுகாப்பில் இருப்பவர், எதுவுமே இல்லாதவர் என்று பல நிலைகள் உண்டு. மருத்துவர்களும் பேராசிரியர்களும்கூட இருக்கிறார்கள். ஆனால் செய்தியில் அடிபடும் குழப்பங்கள் பெரும்பாலும் கூலி வேலை செய்யும், ஆவண நிலை உறுதியில்லாத பெண்களைச் சுற்றியே வருவதால் கட்டுரையும் அவர்களோடு நிற்கிறது.

ஆண்கள் வந்துபோன காலம், பெண்கள் வந்து தங்கிய காலம்

1942 முதல் 1964 வரை பிரசேரோ திட்டம் என்ற ஒப்பந்தத்தின் கீழ் மெக்சிகோ ஆண்கள் அமெரிக்கப் பண்ணைகளுக்குப் பருவ வேலைக்கு வந்தார்கள். மொத்தம் 45 லட்சத்துக்கும் மேற்பட்ட ஒப்பந்தங்கள். குடும்பத்தைக் கூட்டிவர அனுமதி கிடையாது. கணவன் அறுவடைக்குப் போய்த் திரும்புவான். மனைவி ஊரில் நிலத்தையும் மாமியாரையும் பிள்ளைகளையும் பார்த்துக்கொள்வாள். குடும்பத்தைப் பிரித்து வைத்து உழைப்பை மட்டும் எடுத்துக்கொள்ளும் ஏற்பாடு அப்போதே சட்டப்பூர்வமாகத் தொடங்கிவிட்டது.

திட்டம் 1964இல் முடிந்தது. 1965ஆம் ஆண்டுச் சட்டம் மேற்கு அரைக்கோள நாடுகளிலிருந்து, அதாவது வட, தென் அமெரிக்க நாடுகளிலிருந்து, வரும் நிரந்தரக் குடியேற்றத்துக்கு முதன்முறையாக உச்சவரம்பு போட்டது. 1968 முதல் அது ஆண்டுக்கு 1,20,000 பேர். பண்ணைகளுக்கு ஆள் தேவை குறையவில்லை, வழி மட்டும் அடைபட்டது. அதுவரை ஒப்பந்தத்தோடு வந்தவர்கள் அப்புறம் ஒப்பந்தமில்லாமல் வந்தார்கள். 1980களில் எல் சால்வடார், குவாத்தமாலா உள்நாட்டுப் போர்கள் பெண்களையும் குழந்தைகளையும் வடக்கே தள்ளின.

1986இல் அமெரிக்கா சுமார் 27 லட்சம் பேருக்குச் சட்ட அந்தஸ்து கொடுத்தது. தொடர்ந்து அங்கே வசித்ததற்கோ பண்ணையில் வேலை செய்ததற்கோ ஆதாரம் கேட்டார்கள். பண்ணையில் வேலை செய்தவனுக்கு மேஸ்திரியோ முதலாளியோ கடிதம் கொடுக்கலாம். ஒரு வீட்டின் சமையலறையில் ரொக்கக் கூலி வாங்கியவளுக்கு எழுதிக் கொடுக்க வீட்டுக்காரி தயங்குவாள். கொடுத்தால் வரி கட்டாதது வெளியே வரும். அந்த வாய்ப்பைத் தவறவிட்ட பெண்களுக்கு அதன் பிறகு அத்தனை பெரிய கதவு திறக்கவே இல்லை.

1994இல் சான் டியேகோ எல்லையில் காவல் கடுமையானது. இதன் விளைவு அரசு எதிர்பார்த்ததற்கு நேர்மாறாகப் போனது. எல்லை கடக்கப் பாலைவனத்தைச் சுற்ற வேண்டும், கடத்தல்காரருக்கு ஆயிரக்கணக்கில் டாலர் கொடுக்க வேண்டும் என்றானதும் ஆண்கள் ஊருக்குப் போய்வருவதை நிறுத்தினார்கள். தங்கிவிட்டவர்கள் மனைவியை அழைத்தார்கள். போக்குவரத்தாக இருந்தது குடியிருப்பாக மாறியதில் எல்லை வேலிக்குப் பெரிய பங்கு உண்டு.

வீட்டு வேலை என்ற தனி உலகம்

இந்தப் பெண்கள் ஹோட்டல் அறை சுத்தம் செய்கிறார்கள், கோழி இறைச்சி ஆலையில் வெட்டுகிறார்கள், ஸ்ட்ராபெர்ரி பறிக்கிறார்கள், லாஸ் ஏஞ்சலஸில் துணி தைக்கிறார்கள். தைத்த உருப்படிக்கு இவ்வளவு சென்ட் என்று கொடுக்கும் முறையை அங்கே கலிஃபோர்னியா 2022 ஜனவரியில்தான் தடை செய்தது. இவை எல்லாவற்றையும் விட வேலைக்கும் குடும்பத்துக்கும் உள்ள உறவைத் துல்லியமாகக் காட்டுவது வீட்டு வேலை. அமெரிக்காவில் சுமார் 22 லட்சம் வீட்டுப் பணியாளர்கள் இருக்கிறார்கள். பத்தில் ஒன்பது பேருக்கு மேல் பெண்கள். வீடு சுத்தம் செய்பவர்களில் பாதிக்கும் மேல் லத்தீனர்கள்.

வீட்டு வேலையில் மூன்று வகை உண்டு. வீட்டோடு தங்கி வேலை செய்வதை ஸ்பானிஷில் 'தே பிளாந்தா' என்கிறார்கள். புதிதாக வந்தவளுக்கு வாடகை மிச்சம், தெருவில் நடமாடும் பயமும் குறைவு. ஆனால் வேலை நேரம் எப்போது முடிகிறது என்பதே தெரியாது. குழந்தை இரவில் அழுதால் எழுவதும் அவள்தான். சொந்தப் பிள்ளையோடு வாழ்வது இந்த ஏற்பாட்டில் இயலாது. எனவே பிள்ளை ஊரில் இருப்பவளே இதற்கு அதிகம் வருகிறாள். முதலாளிகளில் பலரும் அதையே விரும்புகிறார்கள்.

இரண்டாவது வகை, காலையில் வந்து மாலையில் போகும் குழந்தைப் பராமரிப்பு. சம்பளம் கொஞ்சம் மேல். ஆனால் முதலாளி அலுவலகத்தில் தாமதமானால் இவளும் தாமதம். அந்த நேரத்தில் இவள் பிள்ளையைப் பள்ளியிலிருந்து கூட்டிவருவது அக்காவோ பக்கத்து வீட்டுப் பெண்ணோதான். அவர்களுக்கும் ஒரு தொகை கொடுக்க வேண்டும். பராமரிப்பு வேலை இப்படிப் படிப்படியாக இறங்கி, கடைசிப் படியில் கூலியே இல்லாத ஒரு பாட்டியின் மடியில் போய் நிற்கிறது.

மூன்றாவது, பல வீடுகளை வாரத்துக்கொரு முறை சுத்தம் செய்வது. இதில்தான் ஒரு பெண் தன் நேரத்தைத் தானே ஓரளவு வகுத்துக்கொள்ள முடியும். திங்கட்கிழமை இரண்டு வீடு, செவ்வாய் மூன்று வீடு என்று வரிசை பிடித்துவிட்டால் மூன்று மணிக்குப் பள்ளி வாசலில் நிற்கலாம். இந்த வரிசைக்கே சந்தை மதிப்பு உண்டு. ஊருக்குத் திரும்புகிறவள் அதை இன்னொருத்திக்கு விற்பதும் நடக்கிறது. புதியவள் முதலில் மூத்தவளுக்கு உதவியாளாகப் போய்த் தொழில் கற்பாள், சில சமயம் கூலியே இல்லாமல். உறவுக்காரி கைதூக்கிவிடுவதும் அதே உறவுக்காரி சுரண்டுவதும் இங்கே ஒரே கதையில் வரும். 'லத்தீனக் குடும்பப் பாசம்' என்று பொதுவாகப் பேசுகிறவர்கள் இதைக் கவனிப்பதில்லை.

சட்டத்தில் விடப்பட்ட ஓட்டைகள்

இந்த வேலைக்குக் கூலி ஏன் இவ்வளவு குறைவு, குறைகளை ஏன் கேட்க முடியவில்லை என்பதற்குப் பதில் 1930களில் இருக்கிறது. அன்றைய தென் மாநிலங்களில் வீட்டு வேலையும் பண்ணை வேலையும் செய்தவர்கள் பெரும்பாலும் கறுப்பின மக்கள். தென் மாநில உறுப்பினர்களின் வாக்கைப் பெறுவதற்காக அந்த இரண்டு தொழில்களும் புதிய தொழிலாளர் சட்டங்களிலிருந்து விடப்பட்டன என்று வரலாற்றாசிரியர்கள் பலர் காட்டியிருக்கிறார்கள். கறுப்பினப் பெண்கள் வேறு வேலைகளுக்கு நகர நகர, அந்த ஓட்டையுள்ள வேலைக்குள் வந்து சேர்ந்தவர்கள் புலம்பெயர்ந்த பெண்கள்.

1. சங்கம் அமைக்கும் உரிமை தரும் 1935ஆம் ஆண்டுச் சட்டத்தில் வீட்டுப் பணியாளர்கள் இன்றும் இல்லை.

2. அதே ஆண்டின் சமூகப் பாதுகாப்பு ஓய்வூதியச் சட்டத்திலும் அவர்கள் இல்லை, 1950இல்தான் சேர்க்கப்பட்டார்கள்.

3. குறைந்தபட்சக் கூலி தரும் 1938ஆம் ஆண்டுச் சட்டம் 1974இல் வீட்டுப் பணியாளர்களை உள்ளே எடுத்தது. ஆனால் முதியோருக்குத் துணையிருப்பவர்களை விலக்கியது. வீட்டோடு தங்குபவர்களுக்கு மிகைநேரக் கூலி இல்லை என்றது. வீட்டுப் பராமரிப்பாளர்கள் பெரும்பாலோரைச் சேர்க்கும் விதி 2013இல் வந்து 2015இல் நடைமுறையானது. 2025 ஜூலையில் தொழிலாளர் துறை அந்த விதியைத் திரும்பப் பெற முன்மொழிந்தது.

4. பணியிடப் பாலியல் தொல்லைக்கு எதிரான கூட்டாட்சிச் சட்டம் 15 பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் இடத்துக்கே பொருந்தும். ஒரு வீட்டில் ஒருத்தி வேலை செய்தால் அவளுக்கு அது இல்லை. பணியிடப் பாதுகாப்பு விதிகளும் தனி வீட்டுக்குள் நுழைவதில்லை. அடுப்பு சுத்தம் செய்யும் ரசாயனத்தை மூடிய சமையலறையில் சுவாசிப்பதைக் கேட்க யாருமில்லை.

5. ஆவணம் இல்லாதவருக்கும் குறைந்தபட்சக் கூலிச் சட்டம் பொருந்தும். ஆனால் சங்க வேலைக்காக நீக்கப்பட்ட ஆவணமில்லாத தொழிலாளிக்குப் பின்கூலி (வேலை இழந்த நாட்களுக்கான சம்பளம்) தர வேண்டியதில்லை என்று 2002இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உரிமை இருக்கிறது, மீறினால் முதலாளிக்குச் செலவு இல்லை.

நியூயார்க் 2010இல் வீட்டுப் பணியாளர் உரிமைச் சட்டத்தை முதலில் கொண்டுவந்தது. கலிஃபோர்னியா 2013இல் பின்தொடர்ந்தது. 2012இல் வெளியான தேசிய வீட்டுப் பணியாளர் கூட்டமைப்பின் ஆய்வில், கேட்கப்பட்டவர்களில் 23 சதவீதம் பேர் மாநிலக் குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே வாங்கினார்கள். 65 சதவீதம் பேருக்கு மருத்துவக் காப்பீடு இல்லை.

சட்டம் ஒரு முதலாளியை அடையாளம் காட்டினால் நிலைமை எப்படி மாறும் என்பதற்கு நல்ல உதாரணம் உண்டு. முதியோரையும் மாற்றுத்திறனாளிகளையும் வீட்டில் பார்த்துக்கொள்பவர்களுக்கு லாஸ் ஏஞ்சலஸில் பொது நிதியிலிருந்து சம்பளம் வருகிறது. அவர்களுக்கு முதலாளியாக ஒரு பொது அமைப்பைச் சட்டம் உருவாக்கியதும், 1999இல் ஒரே தேர்தலில் 74,000 பேர் தொழிற்சங்கத்தில் சேர்ந்தார்கள். அவர்களில் ஏராளமானவர்கள் லத்தீனப் பெண்கள். 'இவர்கள் பயந்தவர்கள், சேர மாட்டார்கள்' என்ற பேச்சுக்கு அது போதுமான பதில்.

தொலைவிலிருந்து தாய்மை

ஒரு நாட்டில் உழைத்து இன்னொரு நாட்டில் பிள்ளை வளர்ப்பதை 1990களில் சமூகவியலாளர்கள் நாடு கடந்த தாய்மை என்று அழைக்கத் தொடங்கினார்கள். தாய் காணாமல் போவதில்லை. பள்ளிக் கட்டணம், செருப்பு அளவு, காய்ச்சலுக்கு எந்த மருந்து என்று எல்லாவற்றையும் தொலைபேசியில் நடத்துகிறாள். மாதம் தவறாமல் பணம் போகிறது. இப்படி ஆண்களும் பெண்களும் அனுப்பிய தொகை மெக்சிகோவுக்கு 2023இல் 6,300 கோடி டாலருக்கு மேல். எல் சால்வடாரிலும் ஹோண்டுராஸிலும் அது நாட்டின் மொத்த உற்பத்தியில் ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டும். ரொக்கமாக அனுப்பும் பணத்துக்கு 2026 ஜனவரி முதல் அமெரிக்கா ஒரு சதவீத வரி போட்டிருக்கிறது. வங்கிக் கணக்கு இல்லாத பெண்கள் மீதுதான் அது முதலில் விழும்.

பெரிய செலவுக்குக் கைகொடுப்பது 'தாந்தா', நம் ஊர்ச் சீட்டு மாதிரியே. பத்துப் பெண்கள் மாதாமாதம் போட்டு, முறை வந்தவள் மொத்தத்தையும் எடுப்பாள். பிள்ளையை வரவழைக்கும் செலவுக்கும் பலர் இந்தப் பணத்தையே நம்புகிறார்கள். 2014ஆம் நிதியாண்டில் தென்மேற்கு எல்லையில் பெற்றோர் துணையின்றி 68,000க்கும் மேற்பட்ட சிறுவர்கள் பிடிபட்டபோது உலகம் திகைத்தது. அவர்களில் பலர் முன்பே அமெரிக்கா சென்றுவிட்ட தாயையோ தந்தையையோ தேடிவந்தவர்கள்.

சேர்ந்த பிறகும் எளிதல்ல. ஐந்து வயதில் விட்ட மகள் பதினைந்தில் வருகிறாள். அவளுக்கு அம்மா என்றால் ஊரில் வளர்த்த பாட்டி. தாய் இரட்டை வேலையில் இருக்கிறாள். வீட்டில் அமெரிக்காவில் பிறந்த தம்பி ஒருவன், அவனிடம் குடியுரிமை இருக்கிறது, இவளிடம் இல்லை. இந்த மனக்கசப்பைத் தாயின் குறையாகப் பார்ப்பது நியாயமே இல்லை. இடையில் ஒருமுறை ஊருக்குப் போய்ப் பார்த்துவர அவளுக்கு வழி இருந்ததா என்பதை அடுத்து பார்க்கலாம்.

ஒரே வீட்டில் மூன்று சட்ட நிலை

பெற்றோருக்கு ஆவணம் இல்லை, மூத்த மகளுக்கு, சிறு வயதில் கொண்டுவரப்பட்டவர்களுக்காக 2012இல் வந்த டாகா எனும் தற்காலிகப் பாதுகாப்பு, இளையவர்கள் குடிமக்கள். இதைக் கலப்பு நிலைக் குடும்பம் என்கிறார்கள். பெற்றோரில் ஒருவராவது ஆவணமில்லாத, அமெரிக்காவில் பிறந்த சிறுவர்கள் 40 லட்சத்துக்கும் மேல். குழந்தை பெற்றால் தாய்க்கு அந்தஸ்து வந்துவிடும் என்ற நம்பிக்கை பரவலாக இருக்கிறது. சட்டம் நடப்பது இப்படி:

1. அமெரிக்க மண்ணில் பிறந்த குழந்தை, 1868ஆம் ஆண்டின் 14ஆவது திருத்தப்படி குடிமகன். அந்த உரிமை பெற்றோருக்குப் போவதில்லை.

2. பிள்ளைக்கு 21 வயதாகும் வரை தாய்க்காக மனு செய்ய முடியாது.

3. 21 ஆனதும் மனு செய்யலாம். விசாவில் வந்து காலம் கடந்து தங்கியவள் என்றால் உள்நாட்டிலேயே பச்சை அட்டைக்கு வழியுண்டு. அனுமதியின்றி எல்லை தாண்டியவள் என்றால் பொதுவாகச் சொந்த நாட்டுக்குப் போய்த் தூதரகத்தில்தான் விண்ணப்பிக்க வேண்டும்.

4. அப்படி வெளியே போனதும் 1996ஆம் ஆண்டுச் சட்டம் பாயும். 180 நாளுக்கு மேல் ஆவணமின்றி இருந்தவர்களுக்கு 3 ஆண்டுத் தடை. ஓராண்டு அல்லது அதற்கு மேல் இருந்திருந்தால் 10 ஆண்டு.

5. விலக்குக் கேட்கலாம். அதற்குக் குடிமகனாகவோ நிரந்தரவாசியாகவோ இருக்கும் கணவன் அல்லது பெற்றோர் கடும் துன்பப்படுவார்கள் என்று நிரூபிக்க வேண்டும். பிள்ளை படும் துன்பம் கணக்கில் சேராது.

ஐந்தாவது புள்ளியை நிறுத்திப் படிக்க வேண்டும். தாய் பத்து வருடம் வர முடியாமல் போனால் அதிகம் பாதிக்கப்படுவது பிள்ளை. அந்தப் பாதிப்பைத்தான் சட்டம் பார்க்க மறுக்கிறது. ஊரில் தன் அம்மா இறந்தாலும் இவள் போகாததற்குக் காரணம் இதுவே. ஏன் வரிசையில் நின்று ஆவணம் வாங்கவில்லை என்ற கேள்விக்கும் பதில் இதில் இருக்கிறது: பெரும்பாலோருக்கு நிற்பதற்கு வரிசையே கிடையாது.

அன்றாடத்தில் இது வேறு விதமாகத் தெரியும். 2019 ஆகஸ்ட் 7 அன்று மிசிசிப்பியின் கோழி ஆலைகளில் 680 பேர் பிடிபட்டார்கள். சில பள்ளிகள் அன்றுதான் அந்தக் கல்வியாண்டுக்காகத் திறந்திருந்தன. மாலையில் வீட்டில் யாரும் இல்லாத பிள்ளைகளுக்கு அக்கம்பக்கத்தார் உணவு ஏற்பாடு செய்தார்கள். பள்ளி, தேவாலயம், மருத்துவமனை ஆகிய இடங்களில் ஆட்களைப் பிடிப்பதைப் பெரும்பாலும் தவிர்க்கும்படி குடியேற்ற அதிகாரிகளுக்குச் சொன்ன வழிகாட்டுதலும் 2025 ஜனவரியில் நீக்கப்பட்டது. தான் பிடிபட்டால் பிள்ளையை யார் பொறுப்பேற்பார் என்று எழுதிவைக்கும் படிவங்களைத் தாய்மார்கள் நிரப்புகிறார்கள். ஆவணமில்லாதவர் பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்க மறுக்கக்கூடாது என்ற 1982ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு மட்டும் இன்னும் உறுதியாக நிற்கிறது.

கணவன், மனைவி, சம்பளம்

தன் சம்பளம் வந்ததும் வீட்டில் பெண்ணின் சொல்லுக்கு எடை கூடுகிறது என்று பல ஆய்வுகள் சொல்கின்றன. பள்ளி, மருத்துவமனை, தேவாலயம் என்று ஊரோடு தொடர்பு வைப்பதும் அவளே. அதனால் 'இன்னும் இரண்டு வருடத்தில் ஊருக்குப் போய்விடலாம்' என்று கணவன் சொல்லும்போது அவள் தங்கவே விரும்புகிறாள். ஆனால் சமையலறையில் மாற்றம் மெதுவாகத்தான் வருகிறது. வெளிநாட்டில் பிறந்த தாய்மார்கள் வேலைக்குப் போகும் விகிதம், அமெரிக்காவில் பிறந்த தாய்மார்களை விட ஏறத்தாழப் பத்து சதவீதப் புள்ளி குறைவு. குழந்தைக் காப்பகச் செலவு அவள் கூலியை விழுங்கிவிடும் என்ற கணக்கே இதற்குப் பெரிய காரணம். கணவனின் தடை எல்லா வீட்டிலும் இல்லை.

வன்முறை உள்ள வீட்டில் கணவன் கையில் இருக்கும் ஆயுதம் ஆவணம். 1994ஆம் ஆண்டுச் சட்டம் குடிமகனின் அல்லது நிரந்தரவாசியின் மனைவி தானே விண்ணப்பிக்க வழி செய்தது. மற்றவர்களுக்கு, குற்றத்தால் பாதிக்கப்பட்டு விசாரணைக்கு உதவுபவர்களுக்கான யு விசா 2000இல் வந்தது. அது ஆண்டுக்கு 10,000 மட்டும். மனு போட்டவர்கள் பல ஆண்டுகள் காத்திருக்கிறார்கள்.

வயதான பிறகு

இந்தப் பகுதியைச் செய்திகள் தொடுவதே இல்லை. 1993இல் அமெரிக்க அரசின் தலைமை வழக்கறிஞர் பதவிக்குப் பரிந்துரைக்கப்பட்ட ஸோயி பேர்ட், ஆவணமில்லாத பெரு நாட்டுத் தம்பதியை வீட்டு வேலைக்கு வைத்து அவர்களுக்கான வரியைக் கட்டாததால் விலகினார். அடுத்த ஆண்டு வீட்டுப் பணியாளர் வரி விதி மாற்றப்பட்டது. 2025 கணக்கில் ஒரு பணியாளருக்கு ஆண்டில் 2,800 டாலரோ அதற்கு மேலோ கொடுத்தால் முதலாளி சமூகப் பாதுகாப்பு வரி கட்ட வேண்டியிருந்தது. பெரும்பாலோர் இன்னும் ரொக்கமாகவே கொடுக்கிறார்கள். அன்றைக்குக் கையில் கொஞ்சம் அதிகம் கிடைப்பதால் பணியாளரும் ஒத்துக்கொள்கிறார்.

அதன் விலை அறுபத்தைந்து வயதில் தெரியும். ஓய்வூதியத்துக்குப் பத்து ஆண்டு வேலைக்கு இணையான 40 புள்ளிகள் பதிவாகியிருக்க வேண்டும். முப்பது வருடம் பிறர் வீட்டைச் சுத்தம் செய்தவளின் கணக்கில் அது பூஜ்யமாக இருக்கலாம். மறுபக்கம், ஆலையிலும் ஹோட்டலிலும் வேலை செய்யும் ஆவணமில்லாதவர்களின் சம்பளத்தில் வரி பிடிக்கப்படுகிறது. 2022இல் அவர்கள் சார்பாகச் சமூகப் பாதுகாப்பு நிதிக்குப் போன தொகை சுமார் 2,570 கோடி டாலர் என்று ஒரு வரிக் கொள்கை ஆய்வு நிறுவனம் மதிப்பிட்டது. ஆவண நிலை மாறாதவரை அந்த நிதியிலிருந்து அவர்கள் ஒரு டாலரும் எடுக்க முடியாது.

முழங்கால் தேய்ந்து வேலையை விட்டவளைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு மகளிடம் வருகிறது, பெரும்பாலும் மூத்த மகளிடம். சிறு வயதில் மருத்துவமனையில் அம்மாவுக்கு மொழிபெயர்த்தவளும் அவளேதான். அவளுக்குப் படிப்பும் குடியுரிமையும் இருந்தால் குடும்பம் நிமிர்கிறது. டாகாவை மட்டும் நம்பியிருப்பவள் என்றால் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும்; அந்தத் திட்டமோ பல ஆண்டுகளாக நீதிமன்றத்தில் இருக்கிறது.